பி0011 வந்தால் ஓ.சி.வி.யைக் கழுவுறதா, மாற்றுறதா? (வியோஸ் 1.5)

பூச்சோங் வியோஸ்
வணக்கம். காடி டொயோட்டா வியோஸ் 1.5, 2010 மாடல், எஞ்சின் 1என்இசட்-எஃப்இ, ஓடியது 178,000 கி.மீ. காலையில் ஸ்டார்ட் பண்ணும்போது ஒரு குறையும் இல்லை, சத்தமும் இல்லை. ஃபெடரல் ஹைவே ஜாமைத் தாண்டி சிக்னலில் நிற்கும்போதுதான் தொல்லை. ஐடில் 500 ஆர்.பி.எம்.க்கு இறங்கி நடுங்குது, சில நேரம் அணைஞ்சே போகுது. ஸ்கேனரில் பி0011ங்கிற எரர் கோடு மட்டும். அழிச்சா இரண்டு நாளில் திரும்ப வருது. ஓ.சி.வி. (வி.வி.டி.க்கு ஆயில் விடுற கண்ட்ரோல் வால்வ்), வி.வி.டி. கியர் (வால்வ் திறக்கிற நேரத்தை மாற்றுற கியர்), டைமிங் செயின் செட் மூன்றையும் சேர்த்து மாற்றணும்னு ஒர்க்‌ஷாப் ஃபோர்மன் சொல்றார். உள்ளே இருக்கிறது 20டபிள்யூ-50 ஆயில், ஊற்றி 9,000 கி.மீ. ஆச்சு. எதிலிருந்து தொடங்குறது?

செந்தூல் ஸ்பேனர்
செயின் செட்டா? நல்லா இருக்கு கதை. தம்பி, முதல்ல ஓ.சி.வி.யைக் கழற்றிக் கழுவுங்க. செயின் பக்கம் சிலிண்டர் ஹெட்டில் ஒரே ஒரு 10 எம்.எம். போல்ட்டுல நிக்குது. கனெக்டரை எடுத்துட்டு, போல்ட்டைக் கழற்றி, இடம் வலமா லேசாத் திருப்பி இழுத்தா வந்திடும். ஸ்க்ரூடிரைவர் போட்டு நெம்பாதீங்க, பிளாஸ்டிக் தலை உடைஞ்சிடும். கார்ப் கிளீனர் அடிச்சு, 12 வோல்ட்டைத் தொட்டுத் தொட்டு எடுங்க. ஸ்பூல் (வால்வுக்குள்ள முன்னும் பின்னும் நகர்ற தண்டு) டக் டக்னு முழுசாப் போய்த் திரும்பணும். அதோட ஹெட்டில் ஒரு மூடித் திருகுக்குப் பின்னால விரல் நுனி அளவுல வலை ஃபில்டர் ஒண்ணு இருக்கு. பாதிப் பேர் அதைத் தொடுறதே இல்ல. இவ்வளவும் முடிச்சு ஆயிலும் மாத்தினா அரை நாள் வேலை, அவ்வளவுதான்.

பட்டர்வொர்த் வால்வ்
செந்தூல் அண்ணே, கழுவுவதால் அழுக்கு போகும், கீறல் போகாது. ஸ்பூலுக்கும் அதன் உறைக்கும் நடுவே உள்ள இடைவெளி தலைமுடியின் கனத்தைவிடக் குறைவு. 178,000 கி.மீ. அழுக்கு ஆயிலில் தேய்ந்த உறையில் கோடு விழுந்திருந்தால், இன்று கழுவினாலும் அடுத்த துகள் அதே கோட்டில் சிக்கும். வெளியே 12 வோல்ட்டில் டக் டக் என்று ஓடும், 90 டிகிரி சூட்டில் எஞ்சினுக்குள் ஒட்டும். அந்த வெளிச் சோதனையை நம்பித்தான் பலர் இரண்டு முறை கூலி கொடுக்கிறார்கள். புதுசு, அதுவும் ஒரிஜினல் பெட்டியில் வந்தது, வாங்கிப் போடுங்கள். இமிடேஷன் வேண்டாம், ஹாஃப்கட் (ஜப்பானில் ஓடிய காடியை வெட்டி இறக்கியது) கடைச் சாமானும் வேண்டாம். ஜப்பானில் விட்ஸ், ஆக்ஸியோ என்று இதே எஞ்சின் நிறைய ஓடியது, அதனால் எளிதாகக் கிடைக்கும். ஆனால் அந்த எஞ்சின் என்ன ஆயில் குடித்து வளர்ந்தது என்று யார் சொல்வது?

மீட்டர்க்காரன்
கழுவுறதா மாத்துறதான்னு சண்டை போடுற முன்னாடி, பி0011 என்ன சொல்லுதுன்னு பார்ப்போம். அது எந்தச் சாமானையும் குற்றம் சொல்லலை. ‘இன்டேக் கேம் நான் சொன்ன கோணத்துக்கு வரலை, அட்வான்ஸ் பக்கமே நிக்குது’ங்கிறது மட்டும்தான் ஈ.சி.யு.ங்கிற எஞ்சின் கம்ப்யூட்டரோட வாக்குமூலம். இன்டேக் கேம்னா காற்று உள்ளே வர்ற வால்வைத் திறக்கிற தண்டு; அட்வான்ஸ்னா சீக்கிரம் திறக்கிறது, ரிட்டார்ட்னா தாமதமாத் திறக்கிறது. காரணம் ஸ்பூலா இருக்கலாம், வலையா இருக்கலாம், கியரா இருக்கலாம், ஆயில் பிரஷரா இருக்கலாம். ஓ.சி.வி. ஒயர் அறுந்தா, ஷார்ட் ஆனா அது பி0010, வேற கணக்கு.

இந்த எஞ்சினில் இன்டேக் கேமுக்கு மட்டும்தான் வி.வி.டி. ஏறக்குறைய 40 கிராங்க் டிகிரி வரை அட்வான்ஸ் ஆகும். ஓடும்போது அது நல்லது. ஐடிலில் கேம் அங்கேயே நின்னா, எக்ஸாஸ்ட் வால்வ் மூடுறதுக்குள்ளே இன்டேக் திறந்து, எரிஞ்ச புகை மேனிஃபோல்டுக்குள்ளே திரும்பிடும். அதான் நடுக்கம், அதான் அணையுறது. பி0012ன்னா நேர்மாறு: ஐடில் அழகா இருக்கும், கெந்திங் ஏற்றத்துல மூச்சு வாங்கும்.

பூச்சோங் அண்ணே, மூணு சோதனை:
ஒண்ணு, ஓ.சி.வி. ரெசிஸ்டன்ஸ். 20 டிகிரியில் 6.9 முதல் 7.9 ஓம் வரை இருக்கணும்.
ரெண்டு, எஞ்சின் சூடாகி நடுங்கும்போது ஓ.சி.வி. கனெக்டரைக் கழற்றுங்க. கரண்ட் போனா ஸ்பிரிங் ஸ்பூலை ரிட்டார்ட் பக்கம் தள்ளிடும், ஐடில் சரியாகணும். சரியானா ஈ.சி.யு.வோ ஒயரோ தப்பான உத்தரவு கொடுக்குது. சரியாகலைன்னா உள்ளே ஏதோ ஒட்டியிருக்கு. இதுல பி0010 கூடவே விழும், பயப்படாதீங்க, அழிச்சிடலாம்.
மூணு, மறுநாள் ஐடில் ஒழுங்கா இருக்கும்போது கனெக்டரை எடுத்துட்டு, பேட்டரியிலிருந்து 5 ஆம்ப் ஃபியூஸ் வச்ச ஒயரில் நேரா 12 வோல்ட் கொடுங்க. எஞ்சின் தடுமாறணும் இல்ல அணையணும். எடுத்த உடனே நிமிரணும். ஒன்றரை ஆம்ப் கரண்ட் ஓடுற சின்ன காயில் அது, சில வினாடிக்கு மேல பிடிச்சா சூடாகிக் கருகிடும்.

மலிவான புளூடூத் ஸ்கேனரில் எரர் கோடு வரும், கேம் கோணம் வராது. டார்கெட் கோணமும் நிஜக் கோணமும் பக்கத்துப் பக்கத்துல பார்க்க டொயோட்டா டேட்டா படிக்கிற ஸ்கேனர் வேணும்.

பூச்சோங் வியோஸ்
செய்து பார்த்தேன். ரெசிஸ்டன்ஸ் 9.1 ஓம். ஓட்டி வந்த சூட்டோடு அளந்தேன். நடுங்கும்போது கனெக்டரைக் கழற்றினேன், நடுக்கம் போகலை.

பட்டர்வொர்த் வால்வ்
முடிந்தது விஷயம். எல்லை 7.9, உங்களுடையது 9.1. காயில் போய்விட்டது. மாற்றுங்கள்.

மீட்டர்க்காரன்
பட்டர்வொர்த் அண்ணே, அவசரம். 20 டிகிரிக் கணக்கை 85 டிகிரிச் சாமான் மேல வைக்கக் கூடாது. செம்புக் கம்பியின் ரெசிஸ்டன்ஸ் ஒவ்வொரு டிகிரிக்கும் சுமார் 0.39 சதவீதம் ஏறும். 65 டிகிரி கூடினா கால்வாசி ஏறிடும். 7.9ஐ அப்படிப் பெருக்கினா 9.9. 9.1 அதுக்குள்ளதான் வருது. காலையில் குளிர்ந்த எஞ்சினில் அளக்கச் சொல்லுங்க. நம்ம ஊர்க் காலை 28 டிகிரின்னாலும் 8.1 வரை சரிதான்.

பூச்சோங் வியோஸ்
காலையில் 7.5 ஓம். நேர் 12 வோல்ட்டும் கொடுத்துப் பார்த்தேன்: உடனே தடுமாறி அணையப் போச்சு. எடுத்த பிறகு நிமிர ஏழெட்டு வினாடி ஆச்சு. இரண்டாவது தடவை நிமிரவே இல்லை, அணைஞ்சிடுச்சு.

பட்டர்வொர்த் வால்வ்
சரி, காயில் விஷயத்தில் வாபஸ். ஆனால் முடிவில் மாற்றமில்லை: காயில் நல்லது, ஸ்பூல் போன இடத்திலிருந்து திரும்பவில்லை. அப்படியென்றால் வால்வைத்தானே மாற்ற வேண்டும்?

செந்தூல் ஸ்பேனர்
ஸ்பூல் ஒட்டுதுன்னா அழுக்குன்னு அர்த்தம். அழுக்குன்னா கழுவணும். ஏன் அண்ணே சுத்தி வளைக்கிறீங்க?

ஈப்போ ரோடு டர்போ
எதுக்கு இவ்வளவு? ஒரு பாட்டில் எஞ்சின் ஃபிளஷ் ஊத்தி ஐடில்ல கால் மணி நேரம் விட்டா எல்லா சகதியும் கரைஞ்சிடும். 20டபிள்யூ-50யையும் மாத்தாதீங்க, நம்ம வெயிலுக்கு அதான் சரி. 5டபிள்யூ-30 தண்ணி மாதிரி, குளிர் நாட்டுக்காரன் ஆயில்.

மீட்டர்க்காரன்
அந்த ‘குளிர் நாட்டு ஆயில்’ பேச்சு மட்டும் ஓயவே ஓயாது போல. வெளியே வெயில் அடிக்குதுங்கிறதால எஞ்சின் உள்ளே அதிகச் சூடு ஆகாது. தெர்மோஸ்டேட் பினாங்கிலும் அதே சூட்டுலதான் திறக்கும், பனி ஊரிலும் அதேதான். 100 டிகிரியில் 30 ரக ஆயிலின் கெட்டித்தன்மை 9.3லிருந்து 12.5 சென்டிஸ்டோக்ஸ் வரை. 50 ரகம் 16.3லிருந்து 21.9. 40 டிகிரியில் வித்தியாசம் இன்னும் மோசம், 20டபிள்யூ-50 இரண்டு மடங்குக்கு மேல கெட்டி. வி.வி.டி. கியர் ஆயிலைத் தள்ளித்தான் திரும்புது. ஈ.சி.யு. மெல்லிய ஆயில் எவ்வளவு வேகமா நகரும்னு கணக்குப் போட்டு உத்தரவு கொடுக்குது. கெட்டி ஆயில் தாமதமா வந்தா, கோணம் பின்தங்கும். எஞ்சின் பழசாகி ஆயில் குடிச்சா 5டபிள்யூ-40 வரை போகலாம், அதுக்கு மேல இந்த எஞ்சினுக்கு வேண்டாம்.

செந்தூல் ஸ்பேனர்
ஃபிளஷ் விஷயத்துல ஈப்போ ரோடுக்கு நான் ஒரே வார்த்தைதான் சொல்வேன்: வேண்டாம். பல வருஷச் சகதி கால் மணி நேரத்துல கரையாது, கட்டி கட்டியாப் பேர்ந்து வரும். வந்து எங்கே உட்காரும்? அடியில ஆயில் தேங்குற சம்ப்புக்குள்ள இருக்கிற ஸ்ட்ரெய்னர் சல்லடையில. ஆயில் லைட் எரியும், அப்புறம் பேரிங் போகும். அதுக்கு 5டபிள்யூ-30ஐ 2,000 கி.மீ.ல ஒரு தடவை, மறுபடி 3,000ல ஒரு தடவை மாத்துங்க. ஃபில்டரோட சேர்த்து ஒவ்வொரு தடவையும் 3.7 லிட்டர். மெதுவாக் கழுவும், அடைக்காது.

ஈப்போ ரோடு டர்போ
10,000 கி.மீ.க்கு ஒரு தடவை மாத்தினாப் போதும்னு ஆயில் டின்னுலயே போட்டிருக்கே?

பட்டர்வொர்த் வால்வ்
கிலோமீட்டர் எண்ணாதீர்கள், மணி நேரம் எண்ணுங்கள். வடக்கு-தெற்கு நெடுஞ்சாலையில் 80 கி.மீ. சராசரி வேகத்தில் 10,000 கி.மீ. ஓட 125 மணி நேரம். கோலாலம்பூர் ஜாமில் 20 கி.மீ. சராசரி என்றால் 500 மணி நேரம். டின்னில் ஒரே எண்தான் போட்டிருக்கிறது, ஆயில் உழைத்தது நான்கு மடங்கு. நகரத்துக்குள் ஓடும் காடிக்கு 5,000 அல்லது 6 மாதம். இதில் செந்தூல் அண்ணனோடு எனக்குச் சண்டை இல்லை.

பூச்சோங் வியோஸ்
செயினும் கியரும்? ஃபோர்மன் இன்னும் அதையே சொல்றார்.

மீட்டர்க்காரன்
உங்க காடி கொடுத்த சாட்சியம் அவருக்கு எதிரா இருக்கு. செயின் நீண்டுட்டா கேமும் கிராங்கும் ஒத்துப்போகலைன்னு பி0016 வரும், உங்களுக்கு வரலை. கியரின் லாக் பின் தேய்ஞ்சா குளிர் ஸ்டார்ட்டில் ஒரு வினாடி ‘கரகர’ன்னு சத்தம் வரும், அதுவும் இல்லை. கியர் அட்வான்ஸிலேயே இறுகிப்போச்சுன்னா காலை ஸ்டார்ட்டிலேயே ஐடில் நடுங்கணும். எஞ்சின் அணைஞ்சதும் கேமின் இழுப்பு கியரை ரிட்டார்ட் முனைக்குக் கொண்டுபோய் பின்னுல பூட்டிடுது, அதனாலதான் காலையில் நல்லா இருக்கு. ஓட்டும்போது ஸ்பூல் அட்வான்ஸ் பக்கம் போகுது, திரும்பி வர்ற வழியில சிக்குது. 12 வோல்ட் சோதனையும் அதையேதான் காட்டுச்சு. செயின் கவரைத் திறந்தா கூலியும் திரும்ப ஒட்டுற சிலிகான் பசையும் தனிச் செலவு, சரியா ஒட்டலைன்னா ஆயில் கசிவு வேற.

ஆனா கனெக்டர் சோதனை மட்டும் ஸ்பூலையும் கியரையும் நூறு சதவீதம் பிரிச்சுக் காட்டாது. வேற ஓ.சி.வி. போட்டும் இதே கோளாறுன்னா, அப்புறம்தான் கியரைப் பார்க்கணும்.

பூச்சோங் வியோஸ்
இன்றைக்குக் கழற்றினேன். ஓ.சி.வி. துவாரம் ஒன்றில் கடுகளவு ஆரஞ்சு நிறத் துணுக்கு, நசுக்கினா ரப்பர் மாதிரி. வலை ஃபில்டரில் கறுப்புச் சகதி, ஓரத்தில் ஒரு இடம் கிழிஞ்சிருக்கு.

செந்தூல் ஸ்பேனர்
ஆரஞ்சுன்னா சிலிகான். முன்னாடி யாரோ சம்ப்பையோ வேற கவரையோ ஒட்டும்போது கை நிறைய அப்பியிருக்காங்க. வெளியே பிதுங்கினது கண்ணுக்குத் தெரியும், துடைச்சிடுவாங்க. உள்ளே பிதுங்கினதுதான் இப்படி வருது. சம்ப்பை இறக்கி ஸ்ட்ரெய்னரைப் பாருங்க, அங்கேயும் இதே துணுக்கு இருக்கும். திரும்ப ஒட்டும்போது மெல்லிய கோடு போதும், அதுக்கு மேல வேண்டாம்.

பட்டர்வொர்த் வால்வ்
வலை கிழிந்திருக்கிறது என்றால் ஸ்பூல் வரை என்னென்னவோ போயிருக்கிறது. வலை கட்டாயம் புதுசு, அதன் கேஸ்கெட்டும் புதுசு. அண்ணே, இப்போதாவது ஓ.சி.வி.யும் புதுசு என்று ஒப்புக்கொள்கிறீர்களா?

செந்தூல் ஸ்பேனர்
ஸ்பூல் கறுப்பு வெள்ளையா கோடு போட்டிருந்தா ஒப்புக்கிறேன். தம்பி, வெள்ளைத் துணியில துடைச்சு, வெயில்ல சாய்ச்சுப் பாருங்க. துவாரம் வழியாத் தெரியற இடத்துல நகத்தை வச்சு இழுத்தா தட்டுதா?

பூச்சோங் வியோஸ்
ஒரு இடத்தில் தட்டுது.

செந்தூல் ஸ்பேனர்
சரி, புதுசே போடுங்க. ஓ-ரிங்குல சுத்தமான ஆயில் தடவி நேரா அழுத்துங்க. காஞ்ச ஓ-ரிங் சுருண்டா அங்கிருந்தே கசியும், ஆல்டர்னேட்டர் பக்கம் ஒழுகும்.

மீட்டர்க்காரன்
போட்டதும் எரர் கோடை அழிச்சிட்டு, சூடாகிற வரை ஓட்டி, டொயோட்டா டேட்டா வர்ற ஸ்கேனரில் பாருங்க. ஐடிலில் டார்கெட்டும் நிஜமும் பூஜ்யத்தை ஒட்டி இருக்கணும். மெதுவா ஆக்ஸிலேட்டர் கொடுத்தா ரெண்டும் சேர்ந்து ஏறணும், விட்டா சேர்ந்து இறங்கணும். இறங்கும்போது நிஜம் மட்டும் பின்தங்கினா எழுதுங்க, கியர் பக்கம் போவோம்.