ஒரே தெரு, மூன்று ஓட்டு: கனடாத் தேர்தல் எப்படித்தான் நடக்கிறது?

பொங்கோல்வாசி:

எல்லாருக்கும் வணக்கம். என் தங்கை கல்யாணமாகி டொராண்டோவின் ஸ்கார்பரோ போய்ப் பதினாறு வருஷம் ஆகிறது. 2025 பிப்ரவரி 27இல் ஒரு ஓட்டுப் போட்டாள், ஏப்ரல் 28இல் இன்னொன்று, இப்போது 2026 அக்டோபர் 26 அன்று மறுபடியும் தேர்தலாம். எதற்கம்மா இத்தனை என்று கேட்டால் "ஒன்று ஒன்டாரியோவுக்கு, ஒன்று ஒட்டாவாவுக்கு, ஒன்று டொராண்டோவுக்கு" என்று சொல்லிவிட்டுப் போனை வைத்துவிட்டாள், அங்கே அவளுக்கு வேலைக்குக் கிளம்பும் நேரம்.

எனக்கு விளங்காதது இதுதான். மாகாணத் தேர்தலில் அவள் வட்டாரத்தில் ஜெயித்தவர் விஜய் தணிகாசலம், கன்சர்வேட்டிவ். இரண்டே மாதம் கழித்து மத்தியத் தேர்தலில் அதே பக்கம் ஜெயித்தவர் கெரி ஆனந்தசங்கரி, லிபரல். இரண்டு பேரும் தமிழர்கள், நினைத்தால் பெருமையாக இருக்கிறது. ஆனால் அதே தெரு, அதே சனம், இரண்டு மாதத்தில் எப்படிக் கட்சி மாறும்?

இன்னொன்று. போன வருஷம் இங்கே சிங்கப்பூரில் என் அம்மாவின் வருகை அனுமதி, மகனின் பள்ளி மாற்றம், எங்கள் புளோக் கீழ்த்தளத்தில் மழை பெய்தால் தரை வழுக்குவது, இந்த மூன்றுக்கும் நான் ஒரே நாடாளுமன்ற உறுப்பினரைத்தான், மக்களைச் சந்திக்கும் நாளில் நம்பர் எடுத்துக் காத்திருந்து பார்த்தேன். என் தங்கை வீட்டு வாசலில் பனி குவிந்தால் அவள் யாரிடம் போவாள்? தெரிந்தவர்கள் கொஞ்சம் விரிவாகவே சொல்லுங்கள்.

செங்காங் அக்கா:

தம்பி, நான் பதினொரு வருஷம் ஸ்கார்பரோவில் இருந்தவள், வீட்டுக்காரருக்கு வேலை மாறியதால் இங்கே வந்தோம். உங்கள் தங்கை சுருக்கமாகச் சொன்னாலும் சரியாகத்தான் சொல்லியிருக்கிறார். பாஸ்போர்ட், குடியுரிமை, ஊரிலிருந்து அப்பா அம்மாவை ஸ்பான்சர் செய்வது, ராணுவம், இதெல்லாம் ஒட்டாவா, அதாவது மத்திய அரசு. ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம், கார் லைசன்ஸ், 401 நெடுஞ்சாலை எல்லாம் ஒன்டாரியோ மாகாணம். தெருவில் பனி தள்ளுவது, குப்பை, பூங்கா, நூலகம், வீட்டு வரி டொராண்டோ மாநகரம். ஆக, பனிக்கு வட்டார கவுன்சிலர்தான். மத்திய எம்.பி.யிடம் போனால் அன்பாகப் பேசி அங்கேயே திருப்பி அனுப்புவார்கள், நானே போய்ப் பார்த்திருக்கிறேன்.

ஆனால் எல்லாம் இவ்வளவு சுத்தமாகப் பிரிந்திருக்கும் என்று நினைத்துவிடாதீர்கள். ஸ்கார்பரோவில் ஓடிக்கொண்டிருந்த எஸ்ஆர்டி ரயில் 2023 ஜூலையில் தடம் புரண்டது, அதோடு அந்தப் பாதையையே மூடிவிட்டார்கள், இப்போது அந்த வழியில் பஸ்தான். அந்த ரயிலை ஓட்டியது மாநகரத்தின் போக்குவரத்து நிறுவனமான டிடிசி. அதற்குப் பதிலாகச் சுரங்க ரயில் கட்டுவது மாகாணத்தின் மெட்ரோலிங்ஸ் நிறுவனம். அதற்கு மத்திய அரசும் பணம் போடுகிறது. பஸ் ஸ்டாப்பில் குளிரில் நிற்கிற ஒருவர் யார்மேல் கோபப்படுவது? அங்கே மூன்று தேர்தலிலும் அந்த ரயில் பேச்சு வரும், ஒவ்வொருவரும் மற்ற இரண்டு பேரைக் காட்டுவார்கள்.

இனி கட்சி மாறிய கதை. முதலில் அது "அதே சனம்" இல்லை. ஒன்டாரியோத் தேர்தலில் ஓட்டுப் போட்டவர்கள் ஏறக்குறைய 45 விழுக்காடு, மத்தியத் தேர்தலில் சுமார் 69. நம்மைப் போல் அங்கே ஓட்டுக் கட்டாயமில்லை, பட்டியலிலிருந்து பெயரை எடுத்துவிட மாட்டார்கள். அதனால் ஏப்ரலில் வந்த கூட்டத்தில் பிப்ரவரியில் வீட்டில் இருந்துவிட்டவர்கள் நிறையப் பேர். இரண்டாவது, கட்சிப் பெயர் ஒன்றுபோல் இருந்தாலும் ஒன்டாரியோ கன்சர்வேட்டிவும் ஒட்டாவா கன்சர்வேட்டிவும் தனித்தனிக் கட்சிகள், தலைமை வேறு, கணக்கு வழக்கு வேறு. ஒன்டாரியோ கன்சர்வேட்டிவ் தலைவர் டக் ஃபோர்ட் பிப்ரவரியில் 124இல் 80 இடம் பிடித்தார், ஏப்ரலில் ஒட்டாவா கன்சர்வேட்டிவ் தலைவர் பியர் பொலியேவுக்காக ஓட்டுக் கேட்டுப் போகவில்லை. புதிய ஜனநாயகக் கட்சியான என்டிபி மட்டும்தான் இரண்டு மட்டத்திலும் ஒரே கட்சியாக இருக்கிறது. மூன்றாவது, கேள்வியே வேறு. மாகாணத் தேர்தலில் ஆஸ்பத்திரியில் எத்தனை மணி நேரம் காத்திருக்கிறோம் என்று பேசிய அதே ஆட்கள், ஏப்ரலில் டிரம்ப் போட்ட வரியையும் கனடாவை 51ஆவது மாநிலம் என்று அவர் சொன்னதையும் பற்றித்தான் பேசினார்கள். என் பழைய அண்டை வீட்டுக்காரர் ஃபோர்டுக்கும் மத்திய லிபரல் தலைவர் கார்னிக்கும் போட்டவர், அவருக்கு அதில் ஒரு முரணும் தெரியவில்லை.

எல்லைகூட ஒன்றில்லை. 2025 தேர்தலுக்கு முன்பே மத்தியத் தொகுதிகளைப் புதிதாக வெட்டி 343 ஆக்கிவிட்டார்கள், ஒன்டாரியோ பழைய கோட்டிலேயே நிற்கிறது. அதனால் ஒரு தெருக்காரர்கள் மாகாணத்துக்கு ஒரு தொகுதி, மத்தியத்துக்கு இன்னொரு தொகுதி.

நான் இங்கிருந்தே மத்தியத் தேர்தலுக்கு ஓட்டுப் போட்டேன். முன்பு ஐந்து வருஷத்துக்கு மேல் வெளிநாட்டில் இருந்தால் உரிமை போய்விடும், இப்போது அந்தத் தடை இல்லை. தபாலில் வரும் சீட்டில் வேட்பாளர் பெயரே இருக்காது, வெறும் கோடு, நாமே கையால் பெயரை எழுதவேண்டும். அதை ஒன்றும் எழுதாத சின்ன உறையில் போட்டு, அந்த உறையைப் பெரிய உறையில் போட்டு, வெளியே கையெழுத்தும் தேதியும். தேர்தல் நாள் மாலை ஆறு மணிக்குள் ஒட்டாவா போய்ச் சேரவேண்டும் என்பதால் நான் கூரியரில் அனுப்பினேன். சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து அந்தப் பெயரை எழுத்துக்கூட்டி எழுதியபோது கை நடுங்கியது, ஒரு எழுத்து தப்பிவிடக் கூடாதே என்று.

ஜோகூர் தம்பி:

அண்ணே, அவ்வளவு தூரம் போகவேண்டாம், பாலத்தைத் தாண்டி மலேசியா போனாலே இது இருக்கிறது. நான் ஜோகூர்க்காரன், இங்கே வேலை. 2022 மார்ச் 12இல் ஜோகூர் மாநிலத் தேர்தல், பாரிசான் கூட்டணி 56இல் 40 இடம் பிடித்தது. அதே வருஷம் நவம்பர் 19இல் நாடாளுமன்றத் தேர்தல், யாருக்கும் பெரும்பான்மை இல்லை, ஐந்து நாள் கழித்து அன்வார் பிரதமரானார். இரண்டுக்கும் பஸ் பிடித்து ஊருக்குப் போய்த்தான் போட்டேன். ஆனால் மூன்றாவது மட்டம் எங்களுக்கு இல்லை. உள்ளூராட்சித் தேர்தலை 1965இல் நிறுத்தினார்கள், பிறகு சட்டமே அதை எடுத்துவிட்டது. இப்போது மாநகர மன்ற உறுப்பினர்களை மாநில அரசுதான் நியமிக்கிறது. எங்கள் தாமானில் வடிகால் அடைத்தால் யாரைத் தோற்கடிப்பது என்று தெரியாமல் நிற்கிறோம். அதனால் உங்கள் தங்கைக்கு மூன்று ஓட்டு இருப்பது எனக்கு அலுப்பாகத் தெரியவில்லை, பொறாமையாகத்தான் இருக்கிறது.

முனிசிபல்காரர் மகன்:

தம்பிகளா, இந்த மூன்று மட்டமும் வெவ்வேறு காலத்தில் நம் சிங்கப்பூரிலேயே இருந்தது, பலருக்குத் தெரியாது. என் அப்பா முனிசிபல் தொழிலாளி. நகர மன்றம் என்று பெயர் மாறிய பிறகும் எங்கள் வீட்டில் அது முனிசிபல்தான். 1957 டிசம்பரில் அந்த மன்றத்தின் 32 இடத்துக்கும் தேர்தல் நடந்தது. மக்கள் செயல் கட்சிக்கு 13 கிடைத்தது, ஓங் எங் குவான் மேயரானார். அவர் வந்ததும் மேயர் முன்னால் தூக்கிப்போகும் செங்கோலையே வேண்டாம் என்று எடுத்துவிட்டார். எனக்கு அப்போது எட்டு வயது, அப்பா அதை ராத்திரி சாப்பிடும்போது அம்மாவிடம் இரண்டு தடவை சொன்னது நினைவிருக்கிறது. தண்ணீர், விளக்கு, ரோடு எல்லாம் அந்த மன்றத்தின் கையில் இருந்த காலம் அது. 1959இல் சுயாட்சி வந்ததும் அதன் வேலைகளை அரசாங்கமே எடுத்துக்கொண்டது, 1963இல் தண்ணீரும் மின்சாரமும் பொதுப் பயனீட்டுக் கழகமான பியூபியிடம் போயின. ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்த மன்றத்திலிருந்து வந்த மேயர் அதற்குப் பிறகு நமக்கு இல்லை. இப்போது சமூக மேம்பாட்டு மன்றங்களுக்கு இருக்கும் ஐந்து மேயர்களும் நியமனம்.

அப்புறம் 1963 முதல் 1965 வரை நாமே ஒரு கூட்டரசில் ஒரு மாநிலம். இங்கே 51 பேர் கொண்ட சட்டமன்றம், கோலாலம்பூரில் நமக்கு 15 இடம். அந்தப் பதினைந்து பேரையும் மக்கள் நேராகத் தேர்ந்தெடுக்கவில்லை, சட்டமன்றம்தான் அனுப்பியது. கல்வியும் தொழிலாளர் விவகாரமும் நம் கையில் இருக்கட்டும் என்று கேட்டு வாங்கியதற்கு ஈடாகத்தான் இடங்கள் குறைந்தன. மத்தியம், மாகாணம் என்று கனடாக்காரர்கள் பேசுவதெல்லாம் இதே பேரம்தான், எது யார் கையில் என்பது.

இப்போது நாம் 2025 மே 3 அன்று போட்ட ஒரு ஓட்டில் நாடாளுமன்றமும், புளோக்குகளைப் பராமரிக்கும் இன்றைய நகர மன்றமும் (டவுன் கவுன்சில்) சேர்ந்தே போய்விடுகின்றன. ஜெயித்தவர்தான் லிஃப்டையும் தாழ்வாரத்தையும் பார்க்கிறார். அதில் ஒரு வசதி இருக்கிறது, அலைய வேண்டாம். ஆனால் நாட்டுக்கு இவர், வட்டாரத்துக்கு அவர் என்று பிரித்துச் சொல்ல ஒரு வழி இல்லை. எனக்கு அந்த வழி வேண்டும் என்றுதான் தோன்றுகிறது, வயதான காலத்தில் இதைச் சொல்லத் தயக்கமில்லை.

பொங்கோல்வாசி:

அண்ணே, 1957 விஷயம் எனக்குத் தெரியவே தெரியாது, மிக்க நன்றி. அக்கா, இரண்டு சந்தேகம். மத்தியத் தேர்தலில் லிபரல் ஜெயித்தது என்கிறார்கள், பெரும்பான்மை இல்லை என்றும் சொன்னார்களே? அப்புறம் மாநகரத் தேர்தலில் எந்தக் கட்சி?

செங்காங் அக்கா:

343இல் பாதிக்கு மேல் என்றால் 172. தேர்தலில் லிபரலுக்குக் கிடைத்தது 169, கன்சர்வேட்டிவுக்கு 144, கியூபெக்கின் புளோக் கட்சிக்கு 22, என்டிபி வெறும் 7, பசுமைக் கட்சி 1. அதிக இடம் உள்ளவர் ஆட்சி நடத்துவார், தேர்தல் முடிந்தபோது ஒவ்வொரு பெரிய வாக்கெடுப்புக்கும் இன்னும் மூன்று பேர் கை தூக்கவேண்டியிருந்தது. பிரதமருக்கென்று தனி ஓட்டுக் கிடையாது, இங்கே மாதிரிதான். ஒவ்வொரு தொகுதியிலும் முதலில் வருபவர் ஜெயித்தார், அவ்வளவுதான். அதனால் வினோதமும் நடக்கும். 2019இலும் 2021இலும் நாடு முழுக்க அதிக ஓட்டு வாங்கியது கன்சர்வேட்டிவ், அதிக இடம் பிடித்தது லிபரல். ஒன்டாரியோ மாகாணத் தேர்தலில் 2025இல் லிபரலுக்குச் சுமார் 30 விழுக்காடு ஓட்டு, 14 இடம். என்டிபிக்கு 19க்கும் குறைவு, 27 இடம். ஓட்டு எவ்வளவு என்பதைவிட எங்கே குவிந்திருக்கிறது என்பதுதான் இடமாகிறது. கியூபெக்கில் டெர்போன் தொகுதியில் மறு எண்ணிக்கையில் ஒரே ஒரு ஓட்டு வித்தியாசம், ஒரு தபால் ஓட்டு உறையில் முகவரி தவறாக அச்சாகித் திரும்பிப் போனது என்று வழக்கும் வந்தது. தபாலில் போடுகிற எனக்கு அதைப் படித்தபோது வயிற்றைக் கலக்கியது.

மாநகரத்துக்குக் கட்சி கிடையாது, சீட்டில் பெயர் மட்டும். மேயர், கவுன்சிலர், பள்ளி வாரிய உறுப்பினர் என்று ஒரே தாளில் மூன்று தேர்வு. 2023 ஜூனில் டொராண்டோ மேயர் இடைத்தேர்தலில் 102 பேர் நின்றார்கள், ஒலிவியா சௌ 37 விழுக்காட்டில் ஜெயித்தார். இந்த மட்டத்துக்குப் பலம் குறைவு, ஏனென்றால் மாநகரம் மாகாணம் போட்ட சட்டத்தில் நிற்பது. 2018இல் பிரசாரம் நடந்துகொண்டிருக்கும்போதே ஒன்டாரியோ அரசு 47 வட்டாரத்தை 25 ஆக்கியது. வீடு வீடாகப் போய்க்கொண்டிருந்த வேட்பாளர்களுக்கு நடுவழியில் வட்டாரமே மாறியது. உச்ச நீதிமன்றம் 2021இல் ஐந்துக்கு நான்கு என்று அதைச் சரி என்றது. எனக்கு இன்றைக்கும் அது சரியாகப் படவில்லை.

இன்னொன்று தம்பி, உங்கள் தங்கை 25ஆம் வட்டாரம் என்றால் 2025இல் மூன்றாவது ஓட்டும் இருந்ததே! அங்கே கவுன்சிலராக இருந்தவர் ஏப்ரலில் ஏஜாக்ஸ் தொகுதி எம்.பி. ஆகிப் போனார், அதனால் செப்டம்பரில் இடைத்தேர்தல். நீதன் சான் ஜெயித்தார், என்டிபி வேட்பாளராகப் பலமுறை நின்றவர். கேட்டுப் பாருங்கள்.

பொங்கோல்வாசி:

கேட்டேன் அக்கா. 25ஆம் வட்டாரம்தான். தேர்தல் நடந்தது தெரியும், அன்றைக்கு வேலை முடியப் பிந்திவிட்டது, போகவில்லை என்றாள். அவள் தெருவில் பனி தள்ளுவது அந்த ஆள்தான் என்று சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு அக்டோபர் 26 என்ன கிழமை என்று கேட்டாள், திங்கள் என்றேன், காலண்டரில் குறித்துக்கொண்டாள்.