எலிஷா குக் ஜூனியர்: முகம் தெரிகிறது, பெயர்தான் தெரியவில்லை

இரவுக்காட்சி:
நேற்று 'தி மால்டீஸ் ஃபால்கன்' (1941) பார்த்தேன். ஹம்ப்ரி போகார்ட்டைப் பின்தொடர்ந்து திரிகிற அந்தப் பொடியன் வில்மரை வேறெங்கோ பார்த்த மாதிரியே இருந்தது. தேடினால் எலிஷா குக் ஜூனியர். 'ஷேன்', 'ரோஸ்மேரிஸ் பேபி' இரண்டிலும் இதே ஆள்தானாம்! இவ்வளவு நன்றாக நடிப்பவருக்குப் பெரிய வேஷமே கிடைக்கவில்லையா?

பழம்பட ரசிகன்:
முதலில் ஒன்று, அந்தப் "பொடியனுக்கு" அப்போது வயது 37. போகார்ட்டைவிட நான்கே வயது இளையவர். மேடையில் பெரிய வேஷமெல்லாம் செய்தவர்தான், 1933இல் யூஜின் ஓநீலின் 'ஆ, வில்டர்னஸ்!' நாடகம் நியூயார்க்கின் பிராட்வே மேடையில் வந்தபோது கதையில் வரும் குடும்பத்துப் பையன் இவர். சினிமாவுக்கு வந்ததும் குள்ளமான உருவம், மிரண்ட கண் இரண்டையும் பார்த்து "அடிவாங்கிச் சாகிற ஆள்" என்று முத்திரை குத்திவிட்டார்கள்.

ஆனால் எப்படிச் சாகிறார் பாருங்கள். 'ஷேன்' (1953) படத்தில் வில்லன் ஜாக் பேலன்ஸ் மேலே மரத்திண்ணையில் நிற்கிறார், இவர் கீழே சேற்றில் வழுக்கி வழுக்கி நடந்து வருகிறார், வாய்ச்சவடால் மட்டும் குறையவில்லை, சுட்டதும் யாரோ பின்னாலிருந்து வெடுக்கென்று இழுத்த மாதிரி போய் விழுகிறார். நிஜமாகவே கம்பி கட்டி இழுத்ததுதான். அதுவரை வெஸ்டர்ன் படங்களில் குண்டு பட்டவன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாவகாசமாகச் சாய்வான்.

ரீல்பெட்டி:
முத்திரை குத்தினார்கள் என்று வருத்தப்பட வேண்டாம் சார், அதே பயந்தாங்கொள்ளியை அவர் ஒரே மாதிரி செய்யவில்லை. 'தி பிக் ஸ்லீப்' (1946) படத்தில் விஷம் குடிக்கவைக்கப் போகிறார்கள், அப்போதும் காதலியின் உண்மையான விலாசத்தைச் சொல்லாமல் பொய் சொல்கிறார். இயக்குநர் ஸ்டான்லி குப்ரிக்கின் 'தி கில்லிங்' (1956) நேர் எதிர். குதிரைப் பந்தய மைதானக் கேஷியர், மனைவியிடம் பெரிய ஆளாகக் காட்டிக்கொள்ளக் கொள்ளைத் திட்டத்தையே உளறிவிடுகிறார். முடிவு வேண்டாம், நீங்களே பாருங்கள்.

டிவியிலும் ஏகப்பட்டது. 1967இல் 'ஸ்டார் ட்ரெக்'கில் கம்ப்யூட்டர் பிடிக்காத, புத்தகம் குவித்து வைத்திருக்கிற வக்கீல். 80களில் 'மேக்னம் பி.ஐ.' தொடரில் 'ஐஸ் பிக்' என்ற பாத்திரம்.

இரவுக்காட்சி:
அட, அந்த வக்கீலும் இவரா! அந்த எபிசோட் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன், தாடி இருந்ததால் பிடிபடவில்லை போல.

ரீல்பெட்டி:
தாடியா? இல்லையே. இன்னொரு தடவை போட்டுப் பாருங்கள்.