டெக்சஸ் போலீஸ் பற்றித் தெரிந்தவர்கள் உதவுங்கள்

வணக்கம். அமெரிக்காவில் துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்லும் சாதாரண மக்களைப் போலீஸ்காரர்கள் எப்படிப் பார்க்கிறார்கள் என்று ஒரு கட்டுரை எழுதுகிறேன். கிடைத்த தகவல்கள் ஒன்றோடொன்று இடிக்கின்றன. 2013-இல் காவலர்களுக்கான போலீஸ்ஒன் இணையதளம் சுமார் 15,000 காவலர்களிடம் கேட்டபோது, குற்றப் பின்னணி இல்லாதவர்கள் துப்பாக்கியை மறைத்து எடுத்துச் செல்லலாம் என்று 91 சதவீதம் பேர் சொன்னார்கள் (தாமாக முன்வந்து பதில் சொன்னவர்கள்தான், அதையும் பார்க்கணும்). ஆனால் 2021-இல் டெக்சஸ், கைத்துப்பாக்கி எடுத்துச் செல்ல உரிமமே தேவையில்லை என்று சட்டம் கொண்டுவந்தபோது டல்லஸ் போலீஸ் தலைவரே எதிர்த்தார். அதிகாரிக்கும் ரோந்துக் காவலருக்கும் உள்ள இடைவெளியா, இல்லை உரிமம்தான் விஷயமா? எனக்கென்னவோ உரிமம்தான் என்று படுகிறது.

அங்கே காவல்துறையில் இருப்பவர்கள், உரிம வகுப்புக்குப் போனவர்கள் யாராவது சொல்லுங்களேன்: வண்டியை நிறுத்தும்போது "துப்பாக்கி இருக்கிறது" என்றால் போலீஸ் எப்படி நடந்துகொள்கிறது? பெயர் போட மாட்டேன்.