கலைச்சொல்: ஃப்ளிக்கர் ஃபிலிம் – இமைப்புப் படம்?

வணக்கம் ஐயா,

ஒளியும் இருளும் வேகமாக மாறிமாறி வரும்படி எடுக்கும் ஃப்ளிக்கர் ஃபிலிமுக்கு ‘மினுக்குப் படம்’ என்ற தங்கள் பரிந்துரையில் எனக்கு உடன்பாடில்லை. மினுக்கு என்றால் பளபளப்பு. அது பரப்பின் குணம். நமக்கு வேண்டியது ஒளி வந்து, அற்று, மறுபடி வருவதைச் சொல்லும் சொல். ‘இமைப்பு’ பொருந்தும். கண் மூடித் திறப்பதும் இமைத்தல், ஒளி விளங்குவதும் இமைத்தல்: திருமுருகாற்றுப்படையின் ‘ஓவற இமைக்கும் சேண்விளங்கு அவிரொளி’. இந்த வகைப் படம் நிகழ்வதே கண்ணும் ஒளியும் உரசும் இடத்தில்தானே!

அமெரிக்கக் கலைஞர் டோனி கான்ராட் 1966இல் எடுத்த ‘தி ஃப்ளிக்கர்’ படத்தில் எச்சரிக்கையும் தலைப்பும் போக மிச்சமெல்லாம் கறுப்பு ஃப்ரேம் (படச்சுருளின் ஒற்றைப் படம்), வெள்ளை ஃப்ரேம். நொடிக்கு 24 ஃப்ரேம் ஓடும்போது ஒன்றுவிட்டு ஒன்று கறுப்பானால் நொடிக்கு 12 இமைப்பு. இரண்டு கறுப்புக்கு ஒரு வெள்ளை வைத்தால் 8, மூன்றுக்கு ஒன்று வைத்தால் 6. இந்த வேகங்களில் திரையில் இல்லாத நிறங்களும் சுழலும் கோலங்களும் பலருக்குத் தெரியத் தொடங்கும். எனவே ‘இமைப்பு வீதம்’ என்ற துணைச்சொல்லும் நமக்குக் கட்டாயம் தேவை.

———

ஐயா, வணக்கம்.

‘ஓவற’ என்றால் இடைவிடாமல் என்றல்லவா பொருள்? அந்த அடி விட்டுவிட்டு ஒளிர்வதற்குச் சான்றாகாது. ஆனாலும் கண்ணிமையை வைத்தே ‘இமைப்பு’ நிற்கும், ஏற்கிறேன்.

ஒரு வேறுபாடு காட்ட வேண்டும். இரண்டு இதழ் ஷட்டர் (சுழன்று ஒளியை மறைக்கும் தகடு) உள்ள ப்ரொஜெக்டர் நொடிக்கு 48 முறை ஒளியை வெட்டுகிறது. அதைக் கண் பெரும்பாலும் உணராது. உணர்ந்தால் அது கருவியின் குறை. அந்தக் குறைக்கு ‘ஒளி நடுக்கம்’ என்று வைத்து, ‘இமைப்பை’ வேண்டுமென்றே செய்யும் உத்திக்கு ஒதுக்கலாம்.

இன்றைக்கு இந்த உத்தி கெடுவது பெரும்பாலும் எக்ஸ்போர்ட்டில், அதாவது எடிட்டிங் மென்பொருளிலிருந்து படத்தைக் கோப்பாக எடுக்கும்போது. நொடிக்கு 24 ஃப்ரேம் உள்ள டைம்லைனை (படத்தொகுப்பு வரிசையை) 30க்கு மாற்றினால் நான்கில் ஒரு ஃப்ரேம் இரட்டித்து தாளம் நொண்டும். ஃப்ரேம் பிளெண்டிங் போட்டிருந்தால் இன்னும் மோசம்: கறுப்பும் வெள்ளையும் கலந்து சாம்பல் ஃப்ரேம்கள் பிறக்கும், இமைப்பின் கூர்மை போய்விடும். டைம்லைன், எக்ஸ்போர்ட் இரண்டும் 24இல் இருக்கட்டும். மூலப்பிரதிக்கு ப்ரோரெஸ் போல ஒவ்வொரு ஃப்ரேமையும் தனித்தனியே சுருக்கும் கோடெக் நல்லது.

சொல்லடைவுப் பதிவில் எச்சரிக்கையையும் சேர்த்துவிடுங்கள். நொடிக்கு 3 பளிச்சிடலுக்கு மேல் கூடாது என்பது வலைத்தள அணுகல் நெறிமுறை. தாங்கள் சொன்ன 6, 8, 12 மூன்றும் அதைத் தாண்டுகின்றன. ஒளியால் தூண்டப்படும் வலிப்பு உள்ளவர்களுக்கு ஆபத்து. விளக்கத்தோடு மாதிரிக் காணொளி இணைப்பதானால் அது தானாக ஓடக் கூடாது.