மைன்கிராஃப்ட் வீடியோ கேமில் பாய்சனை (விஷத்தை) மட்டும் எடுத்துட்டா ஆட்டம் சப்புனு ஆயிடுமா?

கொழிஞ்சாம்பாறை_குகையன்:
ஜாவா எடிஷன் 1.21, கஷ்ட அளவு நார்மல். பாலக்காடு சித்தூர், கொழிஞ்சாம்பாறைப் பசங்க பத்துப் பேர் ஆடுற சர்வருங்க. பாதிப் பேர் தமிழ், பாதிப் பேர் மலையாளம், புலம்பல் மட்டும் ஒண்ணு: மைன்ஷாஃப்ட்ல (பழைய சுரங்கத்துல) கேவ் ஸ்பைடர் (விஷச் சிலந்தி) கடி. பாய்சனை மட்டும் தூக்க வழி இருக்குங்களா?

வாளையார்_ரெட்ஸ்டோன்:
ஈஸிக்கு மாத்தினா கேவ் ஸ்பைடருக்கும் தேனீக்கும் விஷம் போயிடும். ஆனா சோம்பி அடியும் 3லிருந்து 2.5 ஆகும், பட்டினி உயிரை 10 பாயின்ட்டுக்குக் (2 பாயின்ட் ஒரு ஹார்ட்) கீழ இறக்காது.

பாய்சன் மட்டும்னா டேட்டாபேக், அதாவது கேம் நடத்தையை மாத்துற ஃபைல் தொகுப்பு. அதுல ஃபங்ஷன்ல (கட்டளை ஃபைல்ல) ஒரே வரி: 'எஃபெக்ட் க்ளியர் @ஏ மைன்கிராஃப்ட்:பாய்சன்' (இங்கிலீஷ்ல அடிங்க). அதை டிக் டேக்ல சேர்க்கணும், அப்பதான் ஒவ்வொரு டிக்குக்கும் (கேமோட ஒரு துடிப்பு) ஓடும். பேக் ஃபார்மட் (வெர்ஷனுக்கான எண்) 48. பழைய வீடியோவைப் பார்த்து ஃபோல்டர் பேரை 'ஃபங்ஷன்ஸ்'னு வெச்சிடாதீங்க. 1.21ல கடைசி 'எஸ்' கிடையாது; வெச்சா பேக் லிஸ்ட்ல தெரியும், வேலை மட்டும் நடக்காது. கட்டளையைத் திரும்பத் திரும்ப ஓட்டுற ரிப்பீட் கமாண்ட் பிளாக்கும் வேண்டாம், அது இருக்கிற சங்க் (உலகத்தோட ஒரு துண்டு) லோடு ஆகலேன்னா நின்னுடும்.

பனங்காட்டு_நரி:
தூக்கறதுக்கு முன்னாடி கணக்கைப் பாருங்க தம்பி. பாய்சன் தனியா ஆளைக் கொல்லாது, அரை ஹார்ட்ல நின்னுடும். ஆனா கவசம் அதைத் தடுக்காது, விஷயமே அங்கதான். கடி வெறும் 2 பாயின்ட். முழு இரும்புக் கவசம் போட்டா 1க்கும் கீழ. விஷம் நார்மல்ல 7 செகண்ட், 1.25 செகண்டுக்கு 1 பாயின்ட், ஆக ரெண்டரை ஹார்ட். ஹார்டுல 15 செகண்ட், கிட்டத்தட்ட 6 ஹார்ட். இது இல்லேன்னா ஸ்பானர் (சிலந்தியை உருவாக்குற கூண்டு) பக்கத்துல நின்னு நிதானமா உடைக்கலாம். ஆளில்லாத வேலந்தாவளம் எல்லை செக்போஸ்ட்ல லாரி போற மாதிரி.

இன்னொரு கூத்து, விட்ச் (சூனியக்காரி). பக்கத்துல இருக்கிற எதிராளிக்கு 8 பாயின்ட்டோ அதுக்கு மேலயோ உயிர் இருந்து பாய்சன் இல்லேன்னா அவ பாய்சன் பாட்டிலைத்தான் எறிவா. டிக்குக்கு டிக் நீங்க துடைச்சா அதையேதான் திரும்பத் திரும்ப எறிவா, உயிர் 8க்குக் கீழ போகாத வரை டேமேஜ் பாட்டில் பக்கமே போக மாட்டா. ஸ்பைடர் ஐயும் (சிலந்திக் கண்) சும்மா கிடைக்கிற தீனி ஆயிடும். விஷ மீனான பஃபர்ஃபிஷ்ஷைத் தின்னா மட்டும் பசியும் தலைசுத்தலும் மிச்சம்.

கொழிஞ்சாம்பாறை_குகையன்:
இவ்வளவு இருக்கா! அப்ப விஷத்தை விட்டுட்டு வேற என்னங்க பண்றது?

பனங்காட்டு_நரி:
ஆளுக்கு நாலு தேன் பாட்டில் குடுங்க. பால் எல்லா எஃபெக்டையும் சேர்த்துத் துடைக்கும், ஒரு ஸ்லாட்டுக்கு ஒரு வாளிதான். தேன் பாய்சனை மட்டும் எடுக்கும், 16 அடுக்கலாம், பசியும் தீரும். தேன் எடுக்கறப்ப தேன்கூட்டுக்குக் கீழ கேம்ப்ஃபயர் இருக்கட்டும், இல்லேன்னா தேனீ கொட்டி அதே விஷம்.

வாளையார்_ரெட்ஸ்டோன்:
குடிக்க 2 செகண்ட் ஆகும், அதுக்குள்ள இன்னொரு கடி விழுந்தா வீண். முதல்ல பாதையைக் கோபிள்ஸ்டோன் வெச்சு முழுசா அடைங்க. அடைப்புக்கு ஸ்லாப் (அரை பிளாக் பலகை) வேண்டாம். அந்தச் சிலந்தி உயரம் அரை பிளாக்தான், இடுக்குல புகுந்து வந்துடும்.