வஸ்னுக்கு ‘வாய்பாடு’ போதும்: ஆமினா, அமீனா

அன்புள்ள நண்பர்களுக்கு,

பெயர் அகராதிக்காக, அரபி இலக்கணத்தில் வரும் ‘வஸ்ன்’ (வேரெழுத்துகள் எந்த வடிவில் சொல்லாகின்றன என்று காட்டும் மாதிரி) என்பதற்குத் தமிழ்ச்சொல் கேட்டிருந்தீர்கள். ‘அச்சு’, ‘வார்ப்பு’ என்று இரண்டு வந்திருக்கின்றன. வஸ்ன் என்றால் எடை என்பதால் ‘நிறை’ என்றும் ஒருவர் எழுதியிருக்கிறார். ‘வாய்பாடு’ என்றே வைக்க வேண்டும் என்பது என் கருத்து.

என் வகுப்பில் ஓர் ஆமினாவும் ஓர் அமீனாவும் படிக்கிறார்கள். ஆங்கிலப் பதிவேட்டில் இருவருக்கும் அதே ஐந்து எழுத்துகள். அதைப் பார்த்துத் தமிழில் சான்றிதழ் அடித்தவர்கள் இரண்டிலும் ‘அமினா’ என்று போட்டுவிட்டார்கள். “சார், எனக்கு ஆவன்னா” என்று தாளை நீட்டினாள் ஆமினா. அவள் சொன்னது சரி. அது எழுத்துப்பிழை மட்டும் இல்லை, பொருளே மாறிவிடுகிறது.

இரண்டுக்கும் வேர் ஒன்றுதான்: ஹம்ஸா, மீம், நூன் என்ற மூன்று அரபி எழுத்துகள். அச்சமின்மை, நம்பிக்கை என்ற கருத்துகள் இந்த வேரில் அடங்கும். ஈமான் (இறைநம்பிக்கை), மூமின் (நம்பிக்கையாளர்), அமானிதம் (நம்பி ஒப்படைத்த பொருள்) எல்லாம் இதில் பிறந்தவை. இந்த வேர் ‘ஃபாஇலா’ என்ற வஸ்னில் அமைந்தால் ஆமினா: அச்சமின்றிப் பாதுகாப்பாக இருப்பவள். நபிகளின் தாயார் பெயர் இதுதான். மகனுக்கு ஆறு வயதானபோது, மதீனாவிலிருந்து மக்கா திரும்பும் வழியில் அப்வா என்ற ஊரில் அவர் இறந்தார். அதே வேர் ‘ஃபஈலா’வில் அமைந்தால் அமீனா: நம்பத் தகுந்தவள். இதன் ஆண்பால் அமீன். மக்கா மக்கள் நபிகளை ‘அல்அமீன்’ என்று அழைத்தது இந்தப் பொருளில்தான். (ஜப்திக்கு வரும் நம் கோர்ட் அமீனாவும் இந்த அமீனிலிருந்து வந்தவரே. அங்கே கடைசி ஆகாரம் பெண்பால் விகுதி இல்லை.)

இனி, ஏன் வாய்பாடு? ஃபாஇலா, ஃபஈலா என்று மாதிரி காட்ட அரபி இலக்கணிகள் எடுத்துக்கொண்ட வேர் ஃபா, ஐன், லாம். அதன் பொருள் ‘செய்’. நம் இலக்கணம் வினையெச்சத்துக்கு மாதிரி காட்ட எடுத்ததும் ‘செய்’தான். தொல்காப்பிய வினையியலில் ‘செய்து, செய்யூ, செய்பு’ என்று போகும் வரிசையை நினைத்துப் பாருங்கள். வந்து, உண்டு, போய் எல்லாவற்றையும் ‘செய்து என்னும் வாய்பாட்டு வினையெச்சம்’ என்றுதானே பள்ளியில் படித்தோம்? ஒன்றைப் பார்த்து மற்றது வந்தது என்று நான் சொல்லவில்லை. இரண்டு மரபும் ஒரே வேலைக்கு ஒரே வினையை எடுத்திருக்கின்றன. அந்த வேலைக்கு நம்மிடம் ஏற்கெனவே பெயர் இருக்கும்போது புதிதாக எதற்கு?

இன்னொன்று. ஆமினாவை அசை பிரித்தால் நேர் நிரை, கூவிளம். அமீனா நிரை நேர், புளிமா. அப்புறம் ஆயிஷா, பாத்திமா, ஸாலிஹா, ஆபிதா என்று ஃபாஇலா பெயர்களை அசை பிரித்தேன்; எல்லாமே கூவிளம். ஹலீமா, ஜமீலா, கதீஜா என்ற ஃபஈலா பெயர்கள் புளிமா. எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. யாப்பு தெரிந்த பிள்ளைக்கு இதைக் காதாலேயே புரியவைக்கலாம்.

‘வாய்பாடு என்றால் பெருக்கல் வாய்ப்பாடு நினைவுக்கு வருமே’ என்கிறார்கள். வரட்டும். இடம் பார்த்துப் பொருள் கொள்ள நமக்குத் தெரியும். ‘அச்சு’ என்றால் அச்சகம் நினைவுக்கு வராதா?

ஃபாஇலாவைச் ‘செய்பவள் வாய்பாடு’ என்று மொழிபெயர்க்கும் யோசனை மட்டும் வேண்டாம். ஃபஈலாவுக்கு அப்படி ஒரு நேர்வடிவம் தமிழில் கிடைக்காது. அரபி மாதிரிச் சொல்லையே தமிழ் எழுத்தில் வைத்துக்கொள்வோம். பதிவு இப்படி வரும்:

ஆமினா: வேர் ஹம்ஸா-மீம்-நூன், ஃபாஇலா வாய்பாடு, அச்சமற்றவள், பாதுகாப்பில் இருப்பவள். ‘அமீனா’ வேறு.

அந்தக் கடைசி இரண்டு சொற்களை யாரும் வெட்டிவிட வேண்டாம். சான்றிதழ் எழுதுபவர் கண்ணில் அவைதான் பட வேண்டும்.