தீபாவளிக்கு வாங்கிய பட்ஜி குஞ்சுகள் தைப்பூசத்திற்குள் ஆளே மாறிவிட்டன: இது இயல்பா, நோயா?

செந்தூல் மாடிவீடு (கோலாலம்பூர்) எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். பிள்ளைகளின் நச்சரிப்பைத் தாங்க முடியாமல், தீபாவளிக்கு ஒரு வாரம் முன்பு இரண்டு பட்ஜி (கூண்டில் வளர்க்கும் சிறு கிளி வகை) குஞ்சுகளை வாங்கி வந்தேன். இரண்டுக்கும் ஒன்றரை மாத வயது என்றும், பச்சை ஆண், மஞ்சள் பெண் என்றும் கடைக்காரர் உறுதியாகச் சொன்னார். பிள்ளைகள் பச்சைக்கு வேலன் என்றும், சிவந்த கண்களை உடைய மஞ்சளுக்கு வள்ளி என்றும் பெயர் வைத்தார்கள். முதல் இரண்டு மாதங்கள் வீடே கொண்டாட்டமாக இருந்தது. கையை நீட்டினால் ஏறி உட்கார்ந்து, சட்டைக் காலருக்குள் தலையை நுழைத்துத் தூங்கிய பறவைகள் அவை.

தைப்பூசம் கழிந்து ஒரு வாரமாகும் இன்று பார்த்தால், வேலன் வேறு பறவை போல் இருக்கிறான். அலகின் தொடக்கம் வரை நெற்றியில் இருந்த கறுப்புக் கோடுகள் மறைந்து, நெற்றி வெறும் மஞ்சளாகிவிட்டது. கூண்டின் அடியில் தினமும் ஒரு கைப்பிடி இறகு கிடக்கிறது. தலையில் முள் முள்ளாக ஏதோ முளைத்திருக்கிறது. முன்பு துளைகளைச் சுற்றி வெள்ளை வளையத்துடன் வெளிர் நீலமாக இருந்த மூக்கு, இப்போது காய்ந்த மண்ணின் நிறத்திற்கு மாறி வருகிறது. முழுக் கறுப்பாக இருந்த கண்ணில் வெளிறிய வளையம் ஒன்று தோன்றியதைப் பார்த்த என் மாமியார், கண்ணில் பூ விழுந்துவிட்டது என்று சொல்லி எல்லாரையும் கலங்கடித்துவிட்டார். எல்லாவற்றுக்கும் மேலாக, சென்ற வாரம் சின்னவனின் விரலை இரத்தம் வரும்படி கடித்துவிட்டான்.

வள்ளியிடம் வேறொரு மாற்றம். அவளுடைய மூக்கு அன்றும் இன்றும் ஒரே மாதிரி ஊதா கலந்த இளஞ்சிவப்பாகவே இருக்கிறது. ஆனால் நாள் முழுதும் கண்ணாடி முன் நின்று தலையை மேலும் கீழும் ஆட்டி, தின்ற தினையைத் திரும்பக் கொண்டுவந்து கண்ணாடியில் அப்புகிறாள். இது வாந்தியா? நான் எங்கேயாவது தவறு செய்கிறேனா?

பட்டர்வொர்த் கூண்டுக்காரர் (பினாங்கு) எழுதியது:

வணக்கம் ஐயா. முதலில் உங்கள் மாமியாருக்கு ஆறுதல் சொல்லுங்கள். கண்ணில் பூ விழவில்லை. பட்ஜி குஞ்சின் கண் முழுக் கறுப்பாகவே இருக்கும். நான்கு மாத அளவில் கருவிழியைச் சுற்றிய பகுதி சாம்பலாக வெளுக்கத் தொடங்கி, எட்டாம் மாதம் முதல் ஓராண்டுக்குள் தெளிவான வெள்ளை வளையமாகிவிடும். வயது தெரியாத பறவையை வாங்குகிறவர்கள் முதலில் பார்க்க வேண்டியதே இந்த வளையத்தைத்தான். உங்கள் கணக்குப்படி ஐந்து மாதம் ஆகிறது. கண்ணும் அதையேதான் சொல்கிறது. ஆகவே வயதைப் பொறுத்தவரை கடைக்காரர் பொய் சொல்லவில்லை.

ஆண், பெண் விஷயத்தில்தான் அவர் தலைகீழாகச் சொல்லிவிட்டார் என்று நினைக்கிறேன். அலகின் மேலே நாசித் துளைகள் இருக்கும் மெழுகு போன்ற தடித்த பகுதியைத்தான் நாம் எல்லாரும் மூக்கு என்கிறோம். குஞ்சுப் பருவத்தில் அது ஒரே சீராக இளஞ்சிவப்பு கலந்த ஊதாவாக இருந்தால் பெரும்பாலும் ஆண். துளைகளைச் சுற்றி வெள்ளை வளையம் விழுந்து வெளிர் நீலமாக இருந்தால் பெண். பலரும் ஏமாறுவது இங்கேதான். வளர்ந்த ஆணின் மூக்கு நீலம் என்று கேள்விப்பட்டவர்கள், குஞ்சின் வெளிர் நீலத்தைப் பார்த்தவுடன் ஆண் என்று முடிவு கட்டிவிடுகிறார்கள். வளர்ந்த பெண்ணுக்கு மூக்கு மண்நிறமாகும். முட்டையிடும் பக்குவம் வரும்போது பழுப்பேறித் தடித்து, அந்தப் பக்குவம் தணிந்ததும் மறுபடி வெளுக்கும். நீங்கள் எழுதியிருப்பதை வைத்துப் பார்த்தால் உங்கள் வேலன் ஒரு பெண்.

வள்ளியின் மூக்கு நிறம் மாறாததற்கும் காரணம் உண்டு. மஞ்சள் உடலும் சிவந்த கண்ணும் கொண்ட பட்ஜியை லுட்டினோ என்பார்கள். அதற்குக் கருநிறமி இல்லாததால் குஞ்சிலும் நெற்றிக் கோடுகள் தெரியாது. ஆணாக இருந்தால் எத்தனை வயதானாலும் மூக்கு நீலமாகாமல் இளஞ்சிவப்பாகவோ ஊதாவாகவோ நின்றுவிடும். ஆகவே வள்ளி ஆணாக இருக்கவே வாய்ப்பு அதிகம். கண்ணாடிக்கு ஊட்டுவதும் அதற்குப் பொருந்துகிறது. ஆண் பட்ஜி தன் இணைக்குத் தொண்டைக்குக் கீழுள்ள தீனிப்பையிலிருந்து தீனியைக் கொண்டுவந்து ஊட்டும். இணையென்று நினைத்துக் கண்ணாடிக்கு ஊட்டுகிறது, அவ்வளவுதான். வாந்தி வேறு விதம்: பறவை தலையை இருபுறமும் உதறும், தீனி நாலாபுறமும் சிதறும், உச்சந்தலை இறகு நனைந்து ஒட்டிக்கொள்ளும், பறவையும் சோர்ந்திருக்கும். கண்ணாடியை எடுத்துவிடுங்கள், சில நாட்களில் அந்தப் பழக்கம் தணியும்.

இறகு உதிர்வதும் கோடுகள் மறைவதும் ஒரே நிகழ்ச்சியின் இரண்டு பக்கங்கள். மூன்று, நான்கு மாதங்களில் முதல் இறகு உதிர்தல் வரும். கோடு போட்ட குஞ்சு இறகு விழுந்த இடத்தில் கோடில்லாத இறகு முளைக்கும். கழுத்தடியில் உள்ள கறுப்புப் பொட்டுகளும் அப்போதுதான் பெரிதாகும். நீங்கள் முள் என்று எழுதியிருப்பது உறைக்குள் இருக்கும் குருத்திறகு. அதற்குள் இரத்தம் ஓடுவதால் தொட்டாலே வலிக்கும். முன்பு தலையைச் சொறிந்துவிட்டால் கண்ணை மூடிக்கொண்டு மயங்கிய பறவை இப்போது கடிக்கிறது என்றால், பாதிக் காரணம் இதுவாகவே இருக்கும். இறகு முளைக்கப் புரதம் வேண்டும் என்பதால் வாரத்தில் இரண்டு முறை அவித்த முட்டையைப் பொடித்து ஒரு சிட்டிகை கொடுங்கள். கங்குங் கீரையை நன்றாகக் கழுவி ஈரத்தோடு தொங்கவிட்டால், தின்பதோடு அதில் புரண்டு குளிக்கவும் செய்யும்.

எது இயல்பல்ல என்பதையும் சொல்லிவிடுகிறேன். தோல் தெரியும்படி சொட்டையானாலும், சிறகின் நீண்ட இறகுகள் விழுந்து திரும்ப முளைக்காவிட்டாலும், மூக்கிலும் அலகோரத்திலும் தேன்கூடு போல் பொருக்குத் தட்டினாலும் மருத்துவரிடம் காட்ட வேண்டும். கடைசியாகச் சொன்னது தோலைக் குடையும் நுண்ணிய உண்ணிகளின் வேலை. மருந்துக்கு எளிதில் அடங்கும். எல்லாக் கிளினிக்குகளிலும் பறவைகளைப் பார்ப்பதில்லை என்பதால், முதலில் தொலைபேசியில் கேட்டுவிட்டுச் செல்லுங்கள். வளர்ந்த பட்ஜியின் எடை பொதுவாக 30 முதல் 40 கிராம் வரை இருக்கும். கேக் செய்யும் தராசில் வாரம் ஒருமுறை நிறுத்து எழுதி வைத்தால், கண்ணுக்குத் தெரியும் முன்பே எடைக் குறைவு நோயைக் காட்டிக்கொடுக்கும்.

ஜெலுத்தோங் அக்கா (பினாங்கு) எழுதியது:

கூண்டுக்காரர் ஐயா உடல் மாற்றத்தைத் தெளிவாகச் சொல்லிவிட்டார். குணத்தைப் பற்றி நான் கொஞ்சம் எழுதுகிறேன். என்னிடம் பட்ஜிகளோடு, சட்டப்படி வாங்கிய ஒரு பைங்கிளியும் இருக்கிறது. குஞ்சு நம் கையில் ஒடுங்குவதைப் பாசம் என்று நாம் எடுத்துக்கொள்கிறோம். அதில் பாதி, கூட்டை விட்டு வந்த குஞ்சு கதகதப்பைத் தேடுவதுதான். நான்கு மாதத்திற்குப் பிறகு அதற்குச் சொந்த விருப்பம் பிறக்கிறது: இந்த மூலை என்னுடையது, இந்தத் தீனிக்கிண்ணம் என்னுடையது என்று காவல் காக்கும். பெண் பட்ஜி இதில் ஒரு படி மேல். காட்டில் மரப்பொந்தைத் தேர்ந்து, அலகால் கடித்துச் சீராக்கிக்கொள்வது அவள்தான் என்பதால் கடிக்கும் வேகமும் அவளுக்கு அதிகம்.

தம்பி, கடித்தவுடன் கையை உதறவோ கத்தவோ வேண்டாம் என்று உங்கள் சின்னவனிடம் சொல்லுங்கள். கத்தினால் அது வேடிக்கையாகிவிடும். கையை இழுத்தால், கடித்தால் கை போய்விடும் என்று பறவை கற்றுக்கொள்ளும். கூண்டுக்குள் கைவிட்டுப் பிடிக்காமல், கதவைத் திறந்து வைத்து, தினைக் கதிரை வெளியே நீட்டி, அதுவாக வரக் காத்திருக்க வேண்டும். எங்கள் வீட்டில் இப்படிக் காத்திருந்தது ஏறக்குறைய இரண்டு மாதம். பழைய குஞ்சு திரும்பவில்லை; ஆனால் அழைத்தால் தோளுக்குப் பறந்து வரும் பெரிய பறவை ஒன்று கிடைத்தது.

இன்னொன்று, தூக்கம். ஆஸ்திரேலியாவின் வறண்ட உட்பகுதியில் மழை பெய்து புல் விதை பெருகினால், எந்த மாதம் என்று பாராமல் கூடு கட்டும் இனம் இது. நம் வீட்டில் தீனிக்கிண்ணம் என்றுமே காலியாவதில்லை. நள்ளிரவு வரை தொலைக்காட்சி வெளிச்சமும் சேர்ந்தால், இதுதான் நல்ல காலம் என்று உடல் எண்ணிக்கொள்கிறது. மாலை ஏழரைக்கெல்லாம் கூண்டை அமைதியான அறைக்கு மாற்றித் துணி போட்டு மூடினால் கோபம் பாதி குறையும்.

பைங்கிளியைப் பற்றியும் ஒரு வார்த்தை. செந்தார்ப் பைங்கிளி என்று தமிழ் எவ்வளவு அழகாகப் பெயர் வைத்திருக்கிறது! ஆனால் அந்தச் செந்தார் குஞ்சுக்குக் கிடையாது, பெண்ணுக்கும் கிடையாது. ஆணுக்கு ஒன்றரை வயது முதல் மூன்று வயதுக்குள்தான் கழுத்து ஆரம் விழும். மூன்றாம் வயதில் என் கிளிக்கு ஆரம் தோன்றிய வாரத்தில், அதுவரை பெண் என்று நினைத்து வளர்த்த என் அம்மா இரண்டு நாள் அதனோடு பேசவில்லை.

புக்கிட் மெர்தாஜாம் வாசகர் (பினாங்கு) எழுதியது:

இவ்வளவு யோசிக்க வேண்டியதில்லை. இறக்கையைக் கொஞ்சம் வெட்டிவிட்டு, கூண்டில் ஒரு மண்பானையைக் கட்டிவிடுங்கள். ஜோடி சேர்ந்து குஞ்சு பொரித்தால் கடி தானாக நின்றுவிடும்.

பட்டர்வொர்த் கூண்டுக்காரர் எழுதியது:

மன்னிக்க வேண்டும், இரண்டையும் நான் மறுக்கிறேன். இறகு உதிரும் காலத்தில் சிறகை வெட்டினால், புதிதாக வரும் குருத்திறகுக்குப் பக்கத்தில் துணையாக முதிர்ந்த இறகு இருக்காது. எங்காவது மோதி முறிந்தால் இரத்தம் நிற்காமல் போகும். 35 கிராம் பறவைக்குச் சில துளி இழப்பே பெரிது. பானையோ, அதைவிடத் தவறு. ஐந்து மாதத்தில் பெண்ணால் முட்டையிட முடியும் என்பதும், இடலாம் என்பதும் ஒன்றல்ல. உடல் முதிராத பெண்ணுக்கு முட்டை உள்ளேயே சிக்கிக்கொண்டு ஒரே நாளில் உயிர் போவதுண்டு. ஓராண்டு நிறையும் வரை பானையும் வேண்டாம், பெட்டியும் வேண்டாம். கணவாய் ஓடு மட்டும் எப்போதும் கூண்டில் தொங்கட்டும்; சுண்ணாம்புச் சத்து அதிலிருந்து கிடைக்கும். பானை இல்லாமலே கூண்டின் அடியில் மூலை தேடி உட்கார்ந்து காகிதத்தைக் கிழிக்கத் தொடங்கினால், அந்த மூலையை மறைத்து, கூண்டை வேறு இடத்தில் வைத்துப் பாருங்கள்.

செந்தூல் மாடிவீடு எழுதியது:

அனைவருக்கும் மிக்க நன்றி. நேற்றே கண்ணாடியை எடுத்துவிட்டேன். வள்ளி அரைநாள் தேடிவிட்டு, இன்று காலை முதல் வேலனின் பக்கத்தில் போய் உட்கார்ந்து தலையை ஆட்டுகிறாள், அல்லது ஆட்டுகிறான். தராசில் நிறுத்ததில் வேலன் 34 கிராம், வள்ளி 32. ஜெலுத்தோங் அக்கா சொன்னபடி இரவில் கூண்டைப் படுக்கையறைக்கு மாற்றியிருக்கிறோம். மாமியாரின் நாடகம் ஓடும் கூடத்திலிருந்து அதுவே தூரமான இடம். பெயரை மாற்றிவிடலாமா என்று பிள்ளைகளைக் கேட்டேன். முட்டையே இட்டாலும் வேலன் வேலன்தான் என்று சின்னவன், விரலில் பிளாஸ்திரியோடு, சொல்லிவிட்டான்.